மின்வெட்டுக்கு அஞ்சாத பழைய கணினிகள்

2025 அக்டோபர் 14-ஆம் தேதியோடு விண்டோஸ் 10-க்கான வழக்கமான ஆதரவை மைக்ரோசாஃப்ட் முடித்துக்கொண்டது. விண்டோஸ் 11-க்கு மாறலாம் என்றால் டிபிஎம் 2.0 என்ற பாதுகாப்புச் சில்லு வேண்டும். இன்டெல் செயலி பெரும்பாலும் எட்டாம் தலைமுறையோ அதற்குப் பிந்தியதோவாக இருக்க வேண்டும். நன்றாக ஓடிக்கொண்டிருந்த எத்தனையோ கணினிகள் இப்படித்தான் திடீரென்று பழசாகிப்போயின. தென்னாப்பிரிக்காவில், எங்கள் டர்பன் நகரில் கணக்காளர் அலுவலகம், வக்கீல் அலுவலகம், பல் மருத்துவர் அறை என்று எங்கே போனாலும் சுவரோரம் கறுப்புப் பெட்டிகள் அடுக்கியிருக்கின்றன.

டர்பனின் சாட்ஸ்வொர்த் பகுதியில் ஒரு கோயில் கூடத்தில் சனிக்கிழமைதோறும் தமிழ் வகுப்பு எடுக்கிறேன். "எடுத்துக்கிறீங்களா டீச்சர்? இல்லேன்னா தூக்கித்தான் போடணும்" என்று யார் கேட்டாலும் சரி என்றுதான் சொல்கிறேன். இந்த வேலையை 2022-லேயே தொடங்கிவிட்டோம். இப்போது வருபவற்றின் எண்ணிக்கைதான் கூடியிருக்கிறது. அவற்றில் நாங்கள் போடுவது குரோம்ஓஎஸ் ஃப்ளெக்ஸ். குரோமியம் ஓஎஸ் என்ற திறமூல நிரலிலிருந்து கட்டியது. பிரவுசரே முழுக் கணினி என்று சொல்லும்படியான எளிய இயங்குதளம்.

அடியில் இருப்பது லினக்ஸ் கர்னல், அதாவது இயங்குதளத்தின் மையப் பகுதி. அதற்கு மேல் சாளரங்களைக் கையாளும் ஒரு மெல்லிய அடுக்கு, அதன்மேல் குரோம் பிரவுசர். அவ்வளவுதான். கணினியைப் போட்டால் பெயரும் கடவுச்சொல்லும் கேட்கும், உள்ளே போனால் பிரவுசர். எழுதுவதும் படிப்பதும் படம் பார்ப்பதும் அதிலேதான். 4 ஜிபி நினைவகமும் 16 ஜிபி வட்டும் இருந்தால் போதும் என்கிறது கூகுள். 2010-க்கு முந்தைய செயலிகளுக்கு மட்டும் அவ்வளவாக ஒத்துவராது. ஒரு கணக்காளர் பத்து வருடம் அடித்துத் துவைத்த கணினிக்குக்கூட இது பெரிய சுமையில்லை. பழைய சுழல் வட்டை எடுத்துவிட்டு எஸ்எஸ்டி என்ற சுழலாத, வேகமான சின்ன வட்டு ஒன்றைப் போட்டுவிட்டால் புதுக் கணினிபோல எழுந்து நிற்கும்.

இந்த யோசனை எங்கள் ஊரில் காலூன்றியதே எனக்கு ஆச்சரியம்தான். 2009 ஜூலை 7 அன்று கூகுள் குரோம் ஓஎஸ்ஸை அறிவித்தது. அறிவிப்பை எழுதியவர்கள் இருவர்: மதுரையில் பிறந்த சுந்தர் பிச்சை, அவருடைய சகா லினஸ் அப்சன். மக்கள் பெரும்பாலான நேரத்தைப் பிரவுசரில்தான் கழிக்கிறார்கள், ஆனால் இயங்குதளங்களோ வலை இல்லாத காலத்துக்காகக் கட்டப்பட்டவை என்பது அவர்கள் வாதம். அதே ஜூலை 23-ஆம் தேதிதான் டர்பனுக்கு வடக்கே ம்டுன்சினி கரையில் ஏறிய சீகாம் கடலடிக் கேபிள் வேலை செய்யத் தொடங்கியது. ஆப்பிரிக்காவின் கிழக்குக் கரை நெடுக ஓடி ஐரோப்பாவுக்கும் இந்தியாவுக்கும் எங்களை இணைத்த கேபிள் அது.

ஆனால் கேபிள் கரைக்கு வந்ததால் வீட்டுக்கு வந்துவிடவில்லை. அந்தச் செப்டம்பரில் நடந்த புறாப் பந்தயம் இங்கே வயது வந்த எல்லோருக்கும் நினைவிருக்கும். இணையம் மெதுவாக இருக்கிறது என்று கடுப்பான ஒரு நிறுவனம், ஹவிக் பக்கத்து அலுவலகத்திலிருந்து டர்பன் பக்கம் ஹில்கிரெஸ்டில் உள்ள அலுவலகத்துக்கு 4 ஜிபி தரவை வின்ஸ்டன் என்ற புறாவின் காலில் மெமரி கார்டாகக் கட்டிப் பறக்கவிட்டது. அதே தரவைத் தொலைபேசிக் கம்பி இணைப்பிலும் அனுப்பியது. புறா பறந்து வந்து, கார்டிலிருந்து தரவை இறக்கி முடிக்க இரண்டு மணி நேரத்துக்குச் சற்று மேல் ஆனது. அதற்குள் கம்பி வழியே வந்து சேர்ந்தது 4 சதவீதம். எல்லாவற்றையும் வலையில் வைத்துக்கொள்ளுங்கள் என்று கலிஃபோர்னியாவிலிருந்து ஒரு குரல் வந்தபோது எங்கள் மாநிலமான குவாசுலு-நட்டால் இருந்த நிலை இது. அன்று இந்த இயங்குதளத்தை யாராவது கொடுத்திருந்தால் நான் வாங்கியிருக்க மாட்டேன், வாங்காதது சரியாகவும் இருந்திருக்கும். ஃபைபர் சாட்ஸ்வொர்த் தெருக்களுக்கு வந்த பிறகுதான் அதற்கு இங்கே வேலை வந்தது.

சரி, அது எங்கள் கைக்கு வந்த வழியைச் சொல்ல வேண்டும், ஏனென்றால் கூகுள் நேராகக் கொண்டுவந்து கொடுக்கவில்லை. 2009 நவம்பர் 19 அன்று மூல நிரலை யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம் என்று திறந்து வைத்தார்கள். திறந்த நிரலுக்குப் பெயர் குரோமியம் ஓஎஸ், கூகுள் தன் கணினிகளில் போட்டு விற்பதற்குப் பெயர் குரோம் ஓஎஸ். ஆரம்பத்தில் உபுண்டு என்ற லினக்ஸ் வகையை அடித்தளமாக வைத்துக் கட்டினார்கள். ஒப்பந்த அடிப்படையில் தன் பொறியாளர்கள் அதில் வேலை செய்கிறார்கள் என்று உபுண்டுவை உருவாக்கும் கனோனிக்கல் நிறுவனமும் அப்போது சொன்னது. அதை நிறுவிய மார்க் ஷட்டில்வொர்த் எங்கள் நாட்டு வெல்காம் நகரில் பிறந்தவர். பிறகு 2010-இல் ஜென்டூ என்ற இன்னொரு லினக்ஸின் கட்டுமான முறைக்கு மாறிவிட்டார்கள். என் வகுப்புப் பிள்ளைகளிடம் இதைச் சொன்னேன். மதுரையில் பிறந்தவரும் வெல்காமில் பிறந்தவரும் ஒரே வேலையில் வந்து சேர்ந்தார்கள் என்றதும் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். ஃப்ரீ ஸ்டேட் மாநிலத்துச் சுரங்க ஊர் ஒன்றில் பிறந்தவரைக் கணினி உலகத்தோடு சேர்த்து அவர்கள் நினைத்ததே இல்லை.

நிரல் திறந்ததும் அதைப் பழைய கணினிகளுக்குக் கொண்டுபோனவர்கள் வெளியாட்கள்தான். இங்கிலாந்தில் பதினேழு வயது மாணவர் ஒருவர், லியம் மெக்லாக்லின், குரோமியம் ஓஎஸ்ஸைக் கட்டி ஒரு பென் டிரைவில் அடங்கும்படி வெளியிட்டார். ஃப்ளோ என்று பெயர் வைத்தார். அப்புறம் வனிலா, லைம் என்று அடுத்தடுத்துக் கொடுத்தார். லைமின் வேலை, கூகுள் கண்டுகொள்ளாத வைஃபை சில்லுகளையும் கிராபிக்ஸ் அட்டைகளையும் ஓட வைப்பது. கூகுளுக்காக முதல் குரோம்புக்குகளை, அதாவது குரோம் ஓஎஸ் போட்ட மடிக்கணினிகளை, சாம்சங்கும் ஏசரும் 2011 ஜூன் மாதம்தான் விற்கத் தொடங்கினார்கள். அதற்கு முன்பே உலகம் முழுக்கச் சாதாரண ஆட்கள் தங்கள் மடிக்கணினியில் இந்த இயங்குதளத்தைப் பார்த்துவிட்டார்கள் என்றால் அது அந்தப் பையனால். பின்னர் நியூயார்க்கில் நெவர்வேர் என்ற சின்ன நிறுவனம் அதே நிரலை எடுத்து, பள்ளிக்கூடங்களில் தூசி படிந்து கிடந்த கணினிகளுக்காகக் கிளவுட்ரெடி என்று ஒன்றைக் கட்டியது. 2020 டிசம்பரில் கூகுள் அந்த நிறுவனத்தையே வாங்கியது. 2022 பிப்ரவரியில் கிளவுட்ரெடிக்குக் குரோம்ஓஎஸ் ஃப்ளெக்ஸ் என்று புதுப் பெயர் சூட்டி அறிவித்து, ஜூலையில் எல்லோருக்கும் பொதுவாகத் திறந்துவிட்டது. பழைய கணினிக்கு இதைக் கொண்டுவரலாம் என்று யோசித்தது உரிமையாளர் இல்லை, நிரலைத் திறந்து படித்தவர்கள். இதை நான் வலியுறுத்திச் சொல்வேன்.

எங்கள் வகுப்பில் இது நிலைத்ததற்கு முக்கியக் காரணம் வேகமோ விலையோ இல்லை. லோட்ஷெடிங்.

2022-லும் 2023-லும் இங்கே வாழ்ந்தவர்களுக்கு விளக்க வேண்டாம். மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். நாட்டின் மின் உற்பத்தி தேவைக்குப் போதாதபோது பகுதி பகுதியாக நிறுத்துவார்கள். ஸ்டேஜ் ஒன்று என்றால் ஏறத்தாழ 1000 மெகாவாட் குறைப்பு, ஸ்டேஜ் ஆறு என்றால் 6000. ஒவ்வொரு தடவையும் இரண்டு மணி நேரம், சில சமயம் இரண்டரை. மோசமான வாரங்களில் ஒரே நாளில் மூன்று நான்கு தடவை போகும். 2023-இல் ஆண்டின் பெரும்பாலான நாட்கள் இப்படியே கழிந்தன. 2024 மார்ச் 26-லிருந்து பத்து மாதம் மூச்சு விட்டோம். அடுத்த ஆண்டு ஜனவரி கடைசியில் மறுபடியும் வந்தது. லோட்ஷெடிங் இல்லாத நாளிலும் துணைமின் நிலையக் கோளாறு, கேபிள் திருட்டு என்று ஏதாவது இருக்கும். பேட்டரி செத்த மடிக்கணினி, மேஜைக் கணினி இரண்டுமே அந்த நொடியில் கண்ணை மூடிக்கொள்ளும்.

மின்சாரம் திடீரென்று போனால் ஆபத்து எங்கே என்றால், அந்த நொடியில் வட்டில் என்ன எழுதப்பட்டுக்கொண்டிருந்தது என்பதில். சாதாரண இயங்குதளம் தன்னுடைய சொந்தக் கோப்புகளையே அடிக்கடி திருத்திக்கொண்டிருக்கும். பாதி எழுதியபோது போனால் மறுபடி எழும்போது சோதிக்கும், சரிசெய்யப் பார்க்கும், சில நாள் எழவே எழாது. மேம்படுத்தல் நடக்கும்போது போனால் இன்னும் மோசம். விண்டோஸ் இருந்த காலத்தில் எங்கள் கூடத்தில் ஒரு கணினி இப்படியே நீலத் திரையோடு நின்றுபோனது, யாரோ ஒரு மாமா வந்து ஞாயிறு முழுக்க உட்கார்ந்து மறுபடி பதிந்து கொடுத்தார்.

குரோமியம் ஓஎஸ் கட்டப்பட்ட விதமே வேறு. இயங்குதளம் இருக்கும் பகுதி படிக்க மட்டும்தான். கணினி ஓடும்போது அதில் ஒரு எழுத்துக்கூட மாறாது. அந்தப் பகுதியும் வட்டில் இரண்டு பிரதிகளாக இருக்கும். ஒன்றில் ஓடிக்கொண்டே, புது மேம்படுத்தலை மற்றதில் பின்னணியில் எழுதும். எழுதி முடித்துச் சரிபார்த்த பிறகே, அடுத்த தடவை போடும்போது புதியதிலிருந்து எழ முயலும். அது எழவில்லை என்றால் பழைய பிரதிக்குத் தானே திரும்பிவிடும். ஆக, மேம்படுத்தலின் நடுவில் மின்சாரம் போனால் கெடுவது அரைகுறையாய் எழுதிய அந்தப் பிரதி மட்டும். நீங்கள் ஓட்டிக்கொண்டிருந்தது அப்படியே இருக்கும். பயனாளர்களின் கோப்புகளுக்குத் தனிப் பகுதி, ஒவ்வொருவருடையதும் தனித்தனியாகப் பூட்டியிருக்கும். உண்மையான குரோம்புக்கில் கூகுளின் பாதுகாப்புச் சில்லு ஒன்று முழு இயங்குதளத்தையும் தொடக்கத்திலிருந்தே சரிபார்க்கும். ஃப்ளெக்ஸில் அந்தச் சில்லு இல்லாததால் பாதுகாப்பு அந்த அளவு இல்லை. ஆனால் இரண்டு பிரதி ஏற்பாடு அப்படியே உண்டு. இதைக் கட்டியவர்கள் எங்கள் மின்வெட்டை நினைத்திருக்க வாய்ப்பில்லை. வைரஸையும் கோளாறான மேம்படுத்தலையும் நினைத்துக் கட்டினார்கள். சாட்ஸ்வொர்த்தில் அதே ஏற்பாடு மின்வெட்டுக்கு உதவுகிறது.

எங்கள் பெரியவர்கள் வகுப்பில் ஒரு ஆயா இருக்கிறார். தமிழ் தாராளமாகப் பேசுவார், எழுதப் படிக்க இப்போதுதான் கற்கிறார். இங்கே அந்தத் தலைமுறையில் அப்படிப் பலர். தன் அம்மா சொன்ன மாரியம்மன் தாலாட்டு ஒன்றை நினைவிலிருந்து ஒவ்வொரு எழுத்தாகத் தட்டிக்கொண்டிருந்தபோது மின்சாரம் போனது. "அய்யோ கண்ணு, நான் எழுதினதெல்லாம் போச்சா?" என்றார். "இல்லை ஆயா, கடைசி வரி மட்டும் சந்தேகம், மீதி இருக்கும்" என்றேன். கூகுள் டாக்ஸ் சில நொடிகளுக்கு ஒரு தடவை தானே சேமித்துவிடும், சேமித்தது கணினியில் இல்லாமல் வேறெங்கோ இருக்கும். அடுத்த வாரம் அவர் வேறு ஒரு கணினி முன் உட்கார்ந்து தன் பெயரில் நுழைந்தார், தாலாட்டு விட்ட இடத்திலேயே இருந்தது. எந்தக் கணினி யாருடையது என்ற கேள்வியே இல்லாமல் போனதுதான் எங்களுக்குப் பெரிய வசதி. தானமாக வந்த கணினி எப்போது வேண்டுமானாலும் நிற்கும். நின்றால் ஒதுக்கி வைத்துவிட்டு அடுத்ததை மேஜையில் வைக்கிறோம்.

சின்னப் பிள்ளைகளுக்குக் கெஸ்ட் முறை. வெளியேறியதும் அவர்கள் திறந்தது, தட்டியது எல்லாம் கணினியிலிருந்து அழிந்துவிடும். தென்னாப்பிரிக்காவின் தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டம் 2021 ஜூலையிலிருந்து கண்டிப்பாக நடைமுறையில் இருக்கிறது, பிள்ளைகளின் விவரத்தைச் சேர்த்து வைக்கப் பெற்றோரின் சம்மதம் வேண்டும். சேர்த்து வைக்காமலே இருப்பது எனக்கு நிம்மதி.

தமிழ் தட்டுவது பற்றிக் கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன், ஏனென்றால் நாங்கள் கூடத்தில் உட்காருவதே அதற்காக. எங்கள் அரசமைப்புச் சட்டத்தின் 6-ஆம் பிரிவு, மதித்து வளர்க்க வேண்டிய மொழிகளில் ஒன்றாகத் தமிழைப் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது. ஆனால் சொல்லிக்கொடுக்கும் வேலை பெரும்பாலும் கோயில்களும் சங்கங்களும் தங்கள் கையால் செய்வது. அதனால் ஒரு கணினியில் தமிழ் எவ்வளவு சுலபமாக வருகிறது என்பது எங்களுக்குச் சின்ன விஷயம் இல்லை. இந்த இயங்குதளத்தில் தமிழ் எழுத்துரு உள்ளேயே இருக்கிறது. அமைப்புகளில் போய் உள்ளீட்டு முறை சேர்த்தால் ஒலிபெயர்ப்பு, தமிழ்99, இன்ஸ்கிரிப்ட் எல்லாம் வரிசையில் நிற்கும். எதையும் இறக்கிப் பதிய வேண்டியதில்லை.

பிள்ளைகளுக்கு ஒலிபெயர்ப்பு சுலபம், ஆங்கில எழுத்தில் அம்மா என்று தட்டினால் தமிழில் வந்துவிடும். நான் அதை வகுப்பில் அனுமதிப்பதில்லை. வீட்டில் ஆங்கிலமே பேசும் பிள்ளைக்கு அது தமிழை ஆங்கில எழுத்துக்குள்ளேயே அடைத்துவிடும். தமிழ்99-இல் உயிரெழுத்து இடக்கைக்கு, மெய் வலக்கைக்கு. ம தட்டி ஆ தட்டினால் கண் முன்னால் மா ஆகிறது. க-வை இரண்டு தடவை தட்டினால் முதலாவதற்குத் தானே புள்ளி வந்து க்க ஆகிறது. ந, த என்று தட்டினால் ந்த. உயிர்மெய் எப்படிப் பிறக்கிறது, எந்த மெல்லினம் எந்த வல்லினத்தோடு சேரும் என்று கரும்பலகையில் மாதக் கணக்கில் சொல்லியும் ஏறாதது, விரல் வழியே ஏறுகிறது. 1999-இல் சென்னையில் நடந்த தமிழிணைய மாநாட்டை ஒட்டி வகுத்த விசைப்பலகை அது. இங்கே ஒரு பத்து வயதுப் பெண் தன் பள்ளித் தோழிக்கு அதைச் சொல்லிக்கொடுத்ததைப் பார்த்தேன். தோழி சூலு மொழி பேசும் வீட்டுப் பிள்ளை.

இனி இதன் குறைகள். இணையம் இல்லாவிட்டால் இது அரைக் கணினிதான். டாக்ஸை ஆஃப்லைனில் வைத்துக்கொள்ளலாம், மின்னஞ்சலையும் வைத்துக்கொள்ளலாம், முன்கூட்டியே அமைத்திருந்தால். இங்கே பலர் வீட்டில் ஃபைபர் கிடையாது, ப்ரீபெய்டு டேட்டாதான். அதன் விலை அதிகம் என்று நாட்டின் போட்டி ஆணையமே விசாரித்து 2019 டிசம்பரில் அறிக்கை கொடுத்தது, அதன் பிறகு பெரிய நிறுவனங்கள் கொஞ்சம் இறக்கின. இன்னும் அதிகம்தான். எல்லா வேலையையும் வலை வழியே செய்யச் சொல்லும் கணினியை, ஒவ்வொரு ஜிபிக்கும் காசு எண்ணும் குடும்பத்துக்கு நான் பரிந்துரைப்பதில்லை. கூடத்தில் ஃபைபர் இருக்கிறது, ரவுட்டருக்கு ஒரு சின்ன பேட்டரியும் வாங்கி வைத்திருக்கிறோம். அதனால் மின்வெட்டிலும் பேட்டரி தாங்கும் மடிக்கணினிகளில் வகுப்பு ஓடும். 2024 மார்ச்சில் மேற்கு ஆப்பிரிக்கக் கரையோரம் நான்கு கேபிள்கள் ஒரே சமயத்தில் அறுந்தபோது நாடு முழுக்கச் சேவைகள் தடுமாறின. எங்கோ கடலடியில் அறுந்த ஒரு கேபிள் சாட்ஸ்வொர்த் கூடத்தைத் தொடும் என்பதை அன்று நேரில் கண்டோம்.

இதைவிட என்னை உறுத்துவது ஒன்று உண்டு. நிரல் திறந்தது, ஆனால் சாவி கூகுளிடம். குரோமியம் ஓஎஸ்ஸை யார் வேண்டுமானாலும் கட்டலாம், ஆனால் அதில் கூகுள் கணக்கோடு நுழைய ஏபிஐ சாவி, அதாவது கூகுள் தரும் அனுமதிக் குறியீடு வேண்டும். 2021 மார்ச்சிலிருந்து, வெளியார் கட்டிய குரோமியம் பிரவுசர்களுக்குத் தகவல் ஒத்திசைவு போன்ற தனிச் சேவைகளைக் கூகுள் நிறுத்தியது. அன்று அந்தப் பதினேழு வயதுப் பையன் செய்ததை இன்று ஒருவர் செய்தால், பாதி வசதி இல்லாத ஒன்றைத்தான் கொடுக்க முடியும். ஃப்ளெக்ஸும் முழுக்கத் திறமூலம் கிடையாது, அதில் கூகுள் சேர்த்த மூடிய பாகங்கள் உண்டு. 2024 ஜூனில், குரோம்ஓஎஸ்ஸை இனி ஆண்ட்ராய்டின் பெரும் பாகங்களை வைத்துக் கட்டப்போவதாகவும் கூகுள் சொன்னது. ஒவ்வொரு கணினி மாதிரிக்கும் ஃப்ளெக்ஸ் ஆதரவு முடியும் ஆண்டும் கூகுளின் பட்டியலில் போட்டிருக்கிறது. திறந்து வைத்ததால் நமக்கு வந்தது, மூடினால் போய்விடக்கூடும். அதனால் எங்கள் கூடத்தில் சில கணினிகளில் டெபியன் லினக்ஸும் எக்ஸ்எஃப்சிஈ மேஜைத்தளமும் போட்டு வைத்திருக்கிறேன். அதில் தமிழ் உள்ளீட்டை அமைக்கக் கொஞ்சம் மெனக்கெட வேண்டும், ஆனால் யார் கணக்கும் கேட்காது, ஒவ்வொரு கணினி மாதிரிக்கும் முடிவு ஆண்டு என்று யாரும் பட்டியல் போடுவதில்லை. நிரல் எழுதிப் பார்க்க ஆசைப்படும் பெரிய பிள்ளைகளை அங்கேதான் உட்கார வைக்கிறேன். ஆயாவின் தாலாட்டு உட்பட எல்லோர் எழுத்தையும் அவ்வப்போது இறக்கி ஒரு வட்டில் எடுத்து வைக்கிறோம், அச்சிட்டும் வைக்கிறோம்.

பீட்டர்மாரிட்ஸ்பர்க்கிலோ ஃபீனிக்ஸிலோ மொரிஷியஸிலோ வகுப்பு நடத்துகிறவர்கள் யாராவது படித்தால்: 8 ஜிபி பென் டிரைவ் ஒன்று போதும். குரோம் பிரவுசரில் குரோம்புக் ரெக்கவரி யுடிலிட்டி என்ற நீட்சியைச் சேர்த்து அதில் ஃப்ளெக்ஸை எழுதிக்கொள்ளுங்கள். உடனே பதிந்துவிடாமல் பென் டிரைவிலிருந்தே ஓட்டிப் பாருங்கள். வைஃபை பிடிக்கிறதா, ஒலி வருகிறதா, தமிழ்99 வேலை செய்கிறதா என்று பார்த்துவிட்டு அப்புறம் பதியுங்கள். பதிந்தால் பழைய வட்டில் உள்ள எல்லாம் அழிந்துவிடும். அதற்கு முன் கொடுத்தவரை ஒரு தடவை கூப்பிட்டுக் கேளுங்கள். குடும்பப் படங்களை எடுக்க மறந்து கணினியைக் கொடுத்தவர்கள் எங்களுக்கே உண்டு.